சொந்தக்காரரே சுற்றிக் காட்டும் விக்டோரியன் வீடு: சான் ஃபிரான்சிஸ்கோவுக்குப் புதிதாக வந்தவர்களுக்கு

ஊரிலிருந்து யாராவது வந்தால் அலமோ சதுக்கத்துக்குக் கூட்டிப்போய்ப் புல்வெளியில் நிறுத்தி, பின்னால் தெரியும் வண்ண வீடுகளோடு ஒரு படம் எடுத்து அனுப்புவது இங்கே நம்மவர்களுக்கெல்லாம் வழக்கமாகிவிட்டது. ஸ்டைனர் தெருவில் 710 முதல் 722 வரை இலக்கமிட்ட அந்த வரிசையை 1892க்கும் 1896க்கும் இடையில் கட்டியவர் மேத்யூ கவனா. ஓரத்தில் உள்ள 722ஆம் வீட்டில் அவரே குடியிருந்தார். படம் எடுத்தவர்களில் பத்தில் ஒருவராவது ‘உள்ளே எப்படி இருக்கும்?’ என்று கேட்பார். இந்தக் கட்டுரை அவருக்காக.

1849 முதல் 1915 வரை இந்த நகரத்தில் சுமார் 48,000 விக்டோரியன், எட்வர்டியன் (பிரிட்டிஷ் ராணி விக்டோரியா, அரசர் எட்வர்ட் காலப் பாணி) வீடுகள் எழுந்தன என்று சொல்வார்கள். நிலநடுக்கம், தீ, புல்டோசர் எல்லாம் தாண்டித் தப்பியவற்றில் இன்றும் ஆட்கள் குடியிருக்கிறார்கள். சமைக்கிறார்கள், துவைக்கிறார்கள், கூரை ஒழுகினால் முணுமுணுத்துக்கொண்டே ஏணி போட்டு ஏறுகிறார்கள். அப்படிக் குடியிருப்பவரே கதவைத் திறந்து அறை அறையாகக் காட்டும் வாய்ப்பு வருடத்தில் சில தடவை வரும். அதைத் தவறவிடாதீர்கள். மியூசியமாக மாறிய வீட்டில் வேலை எப்போதோ முடிந்திருக்கும். சொந்தக்காரர் வீட்டில் முடியவே முடியாது. அதனால் பழம்பெருமையைக் கேட்பவரைவிட, ரிப்பேரைப் பற்றிக் கேட்பவருக்குத்தான் இந்தச் சுற்றில் அள்ளிக்கொண்டு போக நிறைய இருக்கும்.

முதலில் ஒரு மியூசியம் வீடு

நேராகச் சொந்தக்காரர் வீட்டுக்குப் போனால் எதைப் பார்ப்பது என்றே தெரியாமல் திரும்புவீர்கள். முதலில் ஃபிராங்க்ளின் தெருவில் 2007ஆம் எண்ணில் உள்ள ஹாஸ்-லிலியன்தால் வீட்டைப் பார்த்துவிடுங்கள். 1886இல் கட்டியது. வில்லியம் ஹாஸ் பவேரியாவிலிருந்து வந்து மளிகை மொத்த வியாபாரத்தில் வளர்ந்தவர். அவர் குடும்பம் 1972 வரை அங்கேயே இருந்து, பிறகு நகரின் பாரம்பரியப் பாதுகாப்பு அமைப்பான சான் ஃபிரான்சிஸ்கோ ஹெரிட்டேஜிடம் வீட்டை ஒப்படைத்தது. சுற்றிக் காட்டும் நாட்கள் உண்டா என்று போகுமுன் அமைப்பின் தளத்தில் பார்த்துக்கொள்ளுங்கள்.

அங்கே ஒரே ஒரு விஷயத்தை மனதில் பதித்துக்கொண்டால் போதும்: எந்த அறைக்குப் பின் எந்த அறை வருகிறது என்பது. முன் வரவேற்பறை, அதை ஒட்டிப் பின் வரவேற்பறை, அப்புறம் சாப்பாட்டு அறை, கடைசியில் சமையலறை. விருந்தாளி கண்ணில் படும் இடங்களில் அலங்காரம் குவிந்திருக்கும். பின்னால் போகப் போகக் குறைந்துகொண்டே வரும். பெரும்பாலான விக்டோரியன் வீடுகளில் இதே கணக்குதான்.

சொந்தக்காரர் வீட்டுக்கு எப்படிப் போவது

எளிதான வழி, பழைய வீடுகளின் பாதுகாப்புக்கான சங்கங்கள் நடத்தும் வருடாந்திர வீட்டுச் சுற்று. 1973இல் தொடங்கிய விக்டோரியன் அலையன்ஸ் சங்கம் பெரும்பாலும் அக்டோபரில் நடத்துகிறது. ஒரே அக்கம்பக்கத்தில் சில வீடுகளைத் தேர்ந்தெடுத்து, ஒரு நாள் மதியம் திறந்துவைப்பார்கள். விரிகுடாவுக்கு அந்தப் பக்கம் அலமீடா தீவிலும் இதேபோல ஒன்று நடக்கிறது. ஃப்ரீமான்ட், டப்ளின் பக்கம் இருப்பவர்களுக்கு அதுதான் கிட்டே. தெருக்களும் சமதளம், முட்டிவலி உள்ள பெற்றோரைக் கூட்டிப்போக வசதி.

இரண்டாவது வழி, சொந்தக்காரர் தானே கட்டணம் வாங்கிச் சிறு குழுவாகக் காட்டுவது. ஏழெட்டுப் பேருக்கு மேல் சேர்க்க மாட்டார்கள். சங்கச் சுற்றில் சில வீடுகளில் அறைக்கொரு தன்னார்வலர் நிற்பார், சொந்தக்காரர் சமையலறை மூலையில் காபியோடு ஒதுங்கியிருப்பார். இந்தச் சிறு குழுவில் ஒன்றரை மணி நேரமும் அவரே உங்களோடு இருப்பார். இரண்டில் ஒன்றுதான் முடியும் என்றால் நான் கண்ணை மூடிக்கொண்டு இதைத்தான் சொல்வேன்.

மூன்றாவது, வீட்டிலேயே சில அறைகளை வாடகைக்கு விடும் விடுதிகள். காலைச் சாப்பாட்டின்போது பேச்சுக் கொடுத்தால் தரைக்கடியில் உள்ள அறை வரைக்கும் கூட்டிப்போய்க் காட்டிவிடுவார்கள். செலவுதான் அதிகம்.

டிக்கெட் வாங்கும்வரை முகவரி சொல்ல மாட்டார்கள். ஏமாற்று வேலையோ என்று பயப்பட வேண்டாம்; அது ஒருவர் குடியிருக்கும் வீடு, அவ்வளவுதான்.

கிளம்புவதற்கு முன்

கார் வேண்டாம். பார்ட் ரயிலில் சிவிக் சென்டர் வந்து, 5ஆம் எண் ஃபுல்டன் பேருந்தைப் பிடித்தால் அலமோ சதுக்கத்துக்குப் பக்கத்துத் தெருவில் இறங்கலாம். காரில்தான் வருவேன் என்றால் சீட்டில் ஒரு பையைக்கூட விட்டு வைக்காதீர்கள். சரிவில் நிறுத்தும்போது கார் இறக்கத்தைப் பார்த்து நின்றால் சக்கரத்தை நடைபாதைப் பக்கமும், ஏற்றத்தைப் பார்த்து நின்றால் தெருப் பக்கமும் திருப்பி வையுங்கள், திருப்பாவிட்டால் அபராதம்.

ஸ்வெட்டர் கட்டாயம், ஜூலை மாதமானாலும். வெளியே மூடுபனி, உள்ளே இன்னும் குளிர். பத்துப் பன்னிரண்டு அடி உயரக் கூரை, சுவருக்குள் வெப்பத் தடுப்பு ஏதும் இல்லாத கட்டுமானம், ஹீட்டர் போட்டாலும் சூடெல்லாம் மேலே போய்த் தங்கிவிடும்.

குதிகால் உயர்ந்த செருப்பு வேண்டாம், அதன் முனை மென்மரத் தரையில் பள்ளம் விழவைத்துவிடும். முதுகுப் பையையும் தவிர்த்துவிடுங்கள். அதைப் போட்டுக்கொண்டு திரும்பும்போது நமக்குப் பின்னால் ஒன்றரை அடி நீண்டிருப்பது ஞாபகமே இருக்காது; அந்த உயரத்தில்தான் வரவேற்பறையின் கண்ணாடி விளக்கும் பீங்கான் பொம்மையும் இருக்கும்.

கைக்குழந்தையோடு போகிறவர்களுக்கு ஒரு எச்சரிக்கை. அமெரிக்காவில் வீட்டுப் பெயிண்டில் ஈயம் சேர்ப்பதை 1978இல் தடை செய்தார்கள். அதற்கு முன் பூசிய அடுக்குகள் இந்த வீடுகளில் அடியில் இருக்கத்தான் செய்யும். பெயிண்ட் நல்ல நிலையில் இருந்தால் பயமில்லை. ஜன்னல் விளிம்பில் உதிர்ந்த தூளைக் குழந்தை விரலால் தொட்டு வாயில் வைப்பதுதான் ஆபத்து. தவழும் வயதுக் குழந்தையைத் தரையில் இறக்கிவிடாதீர்கள்.

எதிர் நடைபாதையில் பத்து நிமிடம்

குறித்த நேரத்துக்குப் பத்து நிமிடம் முன்பே போய், வீட்டு வாசலில் நிற்காமல் தெருவைக் கடந்து எதிர்ப்பக்கம் நில்லுங்கள். முகப்பைப் படிக்க அந்தத் தூரம் வேண்டும்.

மனைகள் பெரும்பாலும் 25 அடி அகலம்தான். பக்கத்து வீட்டோடு ஒட்டிக்கொண்டு நிற்பதால் வெளிச்சத்துக்கும் காற்றுக்கும் முகப்பையும் பின்பக்கத்தையும் விட்டால் அதிகம் வழியில்லை. அதனால்தான் ஜன்னலைத் தெருப்பக்கம் துருத்தி வைத்தார்கள். இந்தத் துருத்து ஜன்னலைப் பார்த்தே வீட்டின் வயதைக் கிட்டத்தட்டச் சொல்லிவிடலாம். பக்கங்கள் சாய்ந்து, உச்சியில் பின்னாலுள்ள கூரையை மறைக்கும் போலி மேல்சுவரும், அதன் கீழே கனமான தாங்கிகளும் இருந்தால் 1870களின் இத்தாலியனேட் பாணி. துருத்து ஜன்னல் பெட்டி மாதிரி நேர்கோணத்தில் வந்து, நெடுக மரப்பட்டிகள் ஒட்டியிருந்தால் 1880களின் ஸ்டிக் பாணி. முக்கோணக் கூரை, மீன் செதில் போல அடுக்கிய மரச்சில்லுகள், ஓரத்தில் வட்டக் கோபுரம் இதெல்லாம் தெரிந்தால் 1890களின் குவீன் ஆன். கலப்படங்கள் உண்டு, ஆனாலும் இந்தக் கணக்கு பெரும்பாலும் தப்பாது.

அலமோ சதுக்கத்தின் வடமேற்கு மூலையில், ஃபுல்டன் தெரு 1198இல் நிற்கும் வெஸ்டர்ஃபெல்ட் மாளிகை ஸ்டிக் பாணிக்கு நல்ல பாடம். 1889இல் ஹென்றி கைல்ஃபஸ் என்ற கட்டடக்கலைஞர் ஒரு மிட்டாய் வியாபாரிக்காகக் கட்டியது. 1928இல் புரட்சிக்குத் தப்பி வந்த ரஷ்யர்கள் வாங்கி மன்றமாக்கினார்கள். 1960களில் ஹிப்பிகள் கூட்டாகக் குடியிருந்தார்கள். இன்று அது தனியார் வீடு. அழைப்பில்லாமல் படியேறக் கூடாது, எதிர்ப்பக்கம் நின்று பார்க்கலாம்.

அலங்காரத்தையெல்லாம் யாரோ சிற்பி வருடக்கணக்காக உட்கார்ந்து செதுக்கியதாக நினைத்துவிடாதீர்கள். நீராவி இயந்திர வாளில் நூற்றுக்கணக்காக அறுத்துத் தள்ளியவை அவை. பட்டியலைப் பார்த்துத் தேர்ந்தெடுத்து வாங்கி வந்து அடித்தார்கள். மரம் செம்மரம், அதாவது ரெட்வுட். நம்மூர்ச் செஞ்சந்தனத்தோடு குழப்பிக்கொள்ள வேண்டாம். வடக்கே மென்டசீனோ, ஹம்போல்ட் கரைகளிலிருந்து கப்பல் கப்பலாக வந்த மலிவு மரம், பூச்சியும் ஈரமும் எளிதில் தொடாது. 1870களில் தி ரியல் எஸ்டேட் அசோசியேட்ஸ் என்ற ஒரே கம்பெனி ஆயிரத்துக்கும் மேல் வீடுகள் கட்டித் தவணையில் விற்றது. இன்று கோடிக்கணக்கில் விலைபோகும் பல வீடுகள், அன்றைக்கு நடுத்தரக் குடும்பத்துக்காக வரிசையாகக் கட்டி விற்ற புரமோட்டர் வீடுகள்தான்.

நிற்கும் இடத்தையும் கொஞ்சம் யோசியுங்கள். 1906 ஏப்ரல் 18 நிலநடுக்கத்துக்குப் பின் மூண்ட தீயில் நகரில் சுமார் 28,000 கட்டடங்கள் அழிந்தன. வான் நெஸ் அவென்யூ ஓரத்து வீடுகளை வெடிவைத்துத் தகர்த்துத்தான் தீயை மேற்கே பரவாமல் பெரும்பாலும் நிறுத்தினார்கள். விக்டோரியன் வீடுகள் அந்த அவென்யூவுக்கு மேற்கே குவிந்திருப்பதற்குக் காரணம் அதுதான். தீக்குத் தப்பிய அதே பகுதியில் 1950களிலிருந்து 1970கள் வரை ‘மறுசீரமைப்பு’ என்ற பெயரில் நகர நிர்வாகம் ஆயிரக்கணக்கான குடும்பங்களைக் கிளப்பிவிட்டுத் தெருத் தெருவாக இடித்தது. ஃபில்மோர் பக்கம் வாழ்ந்த கறுப்பினத்தவருக்கும், இரண்டாம் உலகப் போரின்போது அடைத்துவைத்த முகாம்களிலிருந்து திரும்பி வந்திருந்த ஜப்பானிய அமெரிக்கர்களுக்கும் விழுந்த அடி அது. பல சுற்றுகளில் இதைப் பற்றி யாரும் வாய் திறப்பதில்லை. ‘உங்களுக்கு முன் இந்த வீட்டில் யார் இருந்தார்கள்?’ என்று நீங்கள் கேளுங்கள். நல்ல சொந்தக்காரர் நேராகப் பதில் சொல்வார்.

வாசற்படி

நமக்குச் செருப்பைக் கழற்றும் பழக்கம். இங்கே கேட்காமல் கழற்றாதீர்கள். சில வீடுகளில் காலணிக்கு மேல் மாட்டும் துணி உறை கொடுப்பார்கள், சில வீடுகளில் அப்படியே வரச் சொல்வார்கள். பழைய தரையில் சிலாம்பும் ஆணித்தலையும் காலுறையைத் தாண்டிக் குத்தும் என்பதால் வெறுங்கால் அவர்களுக்குக் கவலை.

சொந்தக்காரர் எழுபது வயதுக்காரராக இருந்தாலும் தன் பெயரைச் சொல்லியே கூப்பிடச் சொல்வார். ‘சார்’ போட்டால் நெளிவார். வரும்போது கையில் ஏதாவது கொண்டுபோக வேண்டுமா என்று கேட்கிறார்கள். கட்டணச் சுற்றுக்குத் தேவையில்லை. உணவுப் பொருள் மட்டும் வேண்டாம், வரவேற்பறையில் முறுக்குத் தூள் விழுந்தால் எலிக்குத்தான் விருந்து.

உள்ளே நுழைந்ததும் முதல் கேள்வியாக இதைக் கேளுங்கள்: ‘கட்டிய வருடம் எப்படித் தெரிந்தது?’ நகரத்தின் கட்டட ஆவணங்கள் 1906 தீயில் எரிந்துபோயின. அதனால் பலரும் ஸ்பிரிங் வேலி தண்ணீர் கம்பெனி ஒவ்வொரு மனைக்கும் குழாய் இணைப்பு கொடுத்த தேதியை வைத்துத்தான் வீட்டின் வயதைக் கணக்கிடுகிறார்கள். இந்தக் கேள்வியைக் கேட்டதும், பட்டியல் ஒப்பிப்பதை விட்டுவிட்டு உங்களை ஒரு ஆளாக மதித்துப் பேச ஆரம்பித்துவிடுவார்.

வரவேற்பறைகள்: இங்கேதான் நிதானம் வேண்டும்

முன்னறைக்கும் பின்னறைக்கும் நடுவே சுவருக்குள் நழுவிப் போகும் இரட்டைக் கதவு இருக்கிறதா என்று பாருங்கள். இருந்தால், அதை நகர்த்திக் காட்ட முடியுமா என்று கேளுங்கள். நீங்கள் தொடாதீர்கள்.

ஒரு வீட்டில் அந்தம்மா இதைக் காட்டியது எனக்கு இன்னும் கண்ணில் நிற்கிறது. அவர் வாங்கியபோது நடுவில் வெறும் திறப்புதான் இருந்ததாம், கதவு நழுவிப் போகும் இடுக்கை இரண்டு பக்கமும் பிளாஸ்டர் பூசி மூடியிருந்தது. சுவர் மட்டும் வழக்கத்தைவிடத் தடிமனாக இருக்கவே, ஓரமாக ஒரு கட்டைவிரல் அளவு துளை போட்டு டார்ச் அடித்துப் பார்த்திருக்கிறார். உள்ளே கதவு இரண்டும் நின்றுகொண்டிருந்தன. வீட்டைச் சின்னச் சின்னக் குடித்தனங்களாகப் பிரித்த காலத்தில் யாரோ உள்ளே தள்ளி மூடிவிட்டிருக்கிறார்கள். ஒரு பக்கத் தண்டவாளம் உடைந்திருந்தது, சக்கரத்துக்குச் சணலும் தூசும் சுற்றியிருந்தது. கதவின் ஒரு முகம் மட்டும் பெயிண்ட் படாமல் இருந்ததால், கட்டிய நாளில் பூசிய பூச்சு அப்படியே தெரிந்தது. செம்மரத்தின் மேல் பழுப்புக் கலவையைப் பூசிச் சீப்பால் இழுத்து ஓக் மரத்தின் ரேகைபோல வரைந்திருந்தார்கள். அந்தம்மா இரண்டு விரலால் தள்ளினார். அவ்வளவு பெரிய கதவு சத்தமே இல்லாமல் போய் நடுவில் சேர்ந்தது. தண்டவாளத்தைச் சரிசெய்ய ஆள் கிடைக்காமல் தானே கற்றுக்கொண்டு செய்ததாகச் சொல்லும்போது அவர் முகத்தில் இருந்த பெருமையை எந்த மியூசியம் வழிகாட்டியிடமும் பார்க்க முடியாது.

இந்தப் பொய் ரேகை வேலையை எங்கும் தேடுங்கள். அந்தக் காலத்தில் அதை யாரும் மட்டமாக நினைக்கவில்லை. கணப்படுப்பின் சட்டம் சலவைக்கல் போலத் தெரிந்தால் சொந்தக்காரரிடம் கேட்டுவிட்டுப் புறங்கையால் லேசாகத் தொட்டுப் பாருங்கள், குளிர்ச்சி தெரியாவிட்டால் மரத்தில் வரைந்ததாக இருக்கலாம். அடுப்பின் குழி ஆழமில்லாமல் இருந்தால் விறகுக்கானது இல்லை, நிலக்கரிக்கானது.

அண்ணாந்து பாருங்கள். கூரை நடுவில் பிளாஸ்டரில் வார்த்த பூவட்டம் இருக்கும், அதன் நடுவிலிருந்துதான் வாயு விளக்கு தொங்கியது. மூலைகளில் பிளாஸ்டர் வெடித்திருக்கும். மெல்லிய மரப்பட்டிகளை ஆணியடித்து, இடைவெளிக்குள் சுண்ணாம்புக் கலவை பிதுங்கிப் பிடித்துக்கொள்ளும்படி பூசுவதுதான் அன்றைய முறை. ஒவ்வொரு நில அதிர்வுக்கும் அந்தப் பிடி கொஞ்சம் விடும். விரிசலைக் காட்டி ‘இது எந்த வருடத்தது?’ என்று கேளுங்கள். 1989 லோமா பிரியட்டா அதிர்வு என்று தேதியோடு சொல்பவர்கள் இருக்கிறார்கள்.

சுவரின் கீழ்ப்பாதியில் தோல் மாதிரிப் புடைத்த அலங்காரம் இருந்தால் அது லின்க்ரஸ்டா. லினோலியம் தரைவிரிப்பைக் கண்டுபிடித்த ஃபிரெடெரிக் வால்டன் 1877இல் அதே ஆளி எண்ணெய்ச் சரக்கை வைத்துச் சுவருக்காகச் செய்தது. மேல்பாதிக் காகிதம் பளிச்சென்று புதிதாகத் தெரிந்தால் ஏமாற்றம் வேண்டாம். விரிகுடாப் பக்கம் பெனீசியாவில் தொடங்கிய பிராட்பரி அண்ட் பிராட்பரி போன்ற கம்பெனிகள் பழைய வடிவங்களைத் திரும்ப அச்சிட்டுத் தருகின்றன. எந்தச் சுவர் அசல், எது பின்னால் ஒட்டியது என்று கேட்பதில் தப்பே இல்லை. சொல்லக் கூச்சப்படும் சொந்தக்காரர் குறைவு.

விளக்கும் ஜன்னலும்

சில வீடுகளில் ஒரே விளக்குக் கொத்தில் பாதிக் கைகள் மேல்நோக்கியும் பாதி கீழ்நோக்கியும் இருக்கும். மேலே பார்ப்பவை வாயுவுக்கு, சுடர் மேல்நோக்கித்தானே எரியும். கீழே பார்ப்பவை மின்சாரத்துக்கு. புதிய மின்சாரத்தை முழுசாக நம்பாமல் இரண்டையும் வைத்துக்கொண்ட காலத்தின் அடையாளம். பழைய வீட்டு வயரிங்கைப் பற்றியும் கேளுங்கள். பீங்கான் குமிழிலும் குழாயிலும் கம்பியை இழுத்துக் கட்டிய அந்தப் பழைய முறை இன்னும் சுவருக்குள் உயிரோடு இருந்தால், அதன்மேல் வெப்பத் தடுப்புப் பஞ்சை அடைக்கக் கூடாது. கம்பி காற்றில் குளிர வேண்டும். இவ்வளவு குளிரிலும் சிலர் சுவரை அடைக்காமல் விட்டிருப்பதற்கு இதுவும் ஒரு காரணம்.

ஜன்னல் மேலும் கீழும் நகரும் வகை. சட்டத்துக்குள் கயிறும் கப்பியும், அதன் முனையில் வார்ப்பிரும்புக் குண்டும் ஒளிந்திருக்கின்றன. கண்ணாடி லேசாக நெளிந்து, எதிர்வீடு தண்ணீருக்குள் தெரிவதுபோல் தெரிந்தால் பழைய கண்ணாடி. கோபுரத்தில் வளைந்த கண்ணாடி இருந்தால், உடைந்தால் என்ன செய்வீர்கள் என்று மட்டும் கேளுங்கள். ஒரு பெருமூச்சோடுதான் பதில் தொடங்கும்.

மாடிப்படியும் கட்டுக்கதைகளும்

படி திரும்பும் இடத்துச் சுவரில் சின்ன மாடக்குழி இருக்கும். சவப்பெட்டியைத் திருப்ப வசதியாக வைத்தது என்று சொந்தக்காரர் குரலைத் தாழ்த்திச் சொல்வார். பெரும்பாலான மாடங்கள் ஒரு சிலையோ பூச்சாடியோ வைக்கும் அளவுதான். அதற்குள் எந்தப் பெட்டியின் முனையும் போகாது. அலமாரி அறைக்கு வரி இருந்ததால் கட்டவில்லை என்பதும் அப்படித்தான். அப்படி ஒரு வரி இருந்ததற்கு ஆதாரம் இல்லை, போதாக்குறைக்கு இந்த ஊர் விக்டோரியன் வீடுகள் பலவற்றில் அலமாரி அறை கண்ணுக்கு முன்னாலேயே இருக்கும்.

இதையெல்லாம் அங்கேயே நின்று மறுத்துப் பேச வேண்டாம். அது அவர் வீடு. நான் பாகுபடுத்திக்கொள்வது இப்படி: அவர் தன் கையால் செய்ததைப் பற்றிச் சொன்னால் அப்படியே நம்பலாம். தன் காலத்துக்கு முந்தையதைச் சொன்னால், ‘இதைப் பழைய குடும்பத்தார் சொன்னார்களா, ஆவணத்தில் இருந்ததா?’ என்று மரியாதையாக ஒரு கேள்வி. ‘எனக்கு விற்றவர் சொன்னார்’ என்று வந்தால், கதையாக ரசித்துவிட்டு அடுத்த அறைக்கு நகருங்கள்.

மாடியில் படுக்கையறைகள் பொதுவாகச் சாதாரணம். கழிப்பறை தனி, குளியலறை தனி என்று பிரித்திருப்பதை மட்டும் கவனியுங்கள், நம் ஊர்ப் பெரியவர்களுக்கு அது உடனே பிடித்துப்போகும். மூடிய கதவை எந்தக் காரணம் கொண்டும் திறக்கக் கூடாது. சுற்றுக்காக ஒழுங்குபடுத்திய சாமானெல்லாம் அதற்குப் பின்னால்தான் இருக்கும்.

சமையலறையும் கீழ்த்தளமும்

சமையலறை பெரும்பாலும் புதிதாகவே இருக்கும். வேலைக்காரர் சமைத்த இருட்டறையில் இன்று யாரும் தோசை வார்க்க மாட்டார்கள். சாப்பாட்டு அறைக்கும் சமையலறைக்கும் நடுவே பாத்திர அலமாரிகளோடு ஒரு குறுகிய இடைவழி தப்பியிருந்தால் அது பெரிய விஷயம், இடித்துச் சேர்க்காமல் விட்டதற்காகச் சொந்தக்காரரைப் பாராட்டுங்கள்.

கீழ்த்தளம் சுற்றில் சேராது. ‘அஸ்திவாரம் இன்னும் செங்கல்தானா?’ என்று கேட்டுப் பாருங்கள். முக்கால்வாசிப் பேர் சாவியை எடுத்துக்கொண்டு முன்னால் நடப்பார்கள். சுண்ணாம்புக் காரையில் கட்டிய பழைய செங்கல், விரல் வைத்தால் மாவாக உதிரும். பல வீடுகளில் வீட்டையே ஜாக்கி வைத்துத் தூக்கிப் பிடித்துக்கொண்டு, அடியில் கான்கிரீட் ஊற்றியிருப்பார்கள். அதன்மேல் கிடக்கும் மரச்சட்டத்தைக் கம்பி போல்ட்டால் கான்கிரீட்டோடு பிணைத்து, குட்டைச் சுவர்களில் பிளைவுட் பலகை அடித்திருப்பார்கள். நிலம் அசையும்போது வீடு அஸ்திவாரத்தை விட்டு நழுவாமல் இருக்க இது. மேலே தங்கப் பூச்சு மின்னுகிற வீட்டைத் தாங்கிப் பிடித்திருப்பது இந்தப் பிளைவுட்தான். செலவில் பெரும்பகுதி யார் கண்ணுக்கும் படாத இந்த இடத்தில் போயிருக்கும்.

பணப் பேச்சு

‘என்ன விலைக்கு வாங்கினீர்கள்?’ என்று கேட்காதீர்கள். நமக்கு அது சாதாரணக் கேள்வி, இங்கே பல்லைக் கடித்துக்கொள்வார்கள். ‘எந்த வேலைக்கு நினைத்ததைவிட அதிகம் செலவானது?’ என்று கேட்டால் தாராளமாகச் சொல்வார்கள், பல சமயம் தொகையையே சொல்லிவிடுவார்கள். மில்ஸ் சட்டத்தைப் பற்றியும் கேட்கலாம். கலிஃபோர்னியாவில் 1972இல் வந்தது. வரலாற்று மதிப்புள்ள வீட்டைக் காப்பாற்றிப் பராமரிப்பேன் என்று நகரத்தோடு ஒப்பந்தம் போட்டுக்கொண்டால் சொத்து வரி குறையும். ஒப்பந்தம் குறைந்தது பத்து வருடம், வருடா வருடம் தானாக நீளும். இவர் ஏன் போட்டார், அல்லது ஏன் போடவில்லை என்பது சுவாரசியமான பேச்சு.

டிப்ஸ் கொடுக்க வேண்டாம், அவமானமாக எடுத்துக்கொள்ளக்கூடும். சங்கத்துக்கு நன்கொடைப் பெட்டி வைத்திருந்தால் அதில் போடுங்கள்.

படமும் அதற்குப் பின்னும்

பெரும்பாலான சுற்றுகளில் உள்ளே படமெடுக்கத் தடை. அனுமதித்தாலும் குடும்பப் படங்கள், கதவுப் பூட்டு, பின்பக்க ஜன்னல் இவை வராமல் பார்த்துக்கொள்ளுங்கள். வாட்ஸ்அப் குழுவில் முகவரியோடு போடாதீர்கள். உள்ளே நிற்கும்போதே கேட்டதை ஃபோனில் நாலு வரி குறித்துக்கொள்வது நல்லது. மூன்று வீடு ஏறி இறங்கிய பின் எந்தக் கதவு எந்த வீட்டில் என்பது கலந்துபோகும்.

நன்றி மின்னஞ்சல் இரண்டு வரி போதும், அதில் அவர் காட்டிய ஏதாவது ஒரு வேலையைப் பெயர் சொல்லிக் குறிப்பிடுங்கள். இன்னும் ஆர்வம் இருந்தால் சிவிக் சென்டர் அருகிலுள்ள பொது நூலகத்தின் ஆறாம் மாடிக்குப் போங்கள், நகர வரலாற்றுப் பிரிவு அங்கேதான். சான்போர்ன் கம்பெனி தீக்காப்பீட்டுக்காக வரைந்த பழைய வரைபடங்களில் நீங்கள் பார்த்த வீட்டின் வெளிக்கோடு இருக்கும். துருத்து ஜன்னல் எந்தப் பக்கம், பின்னறை எப்போது முளைத்தது என்றெல்லாம் அதை வைத்துச் சொல்லிவிடலாம். நகலெடுத்துச் சொந்தக்காரருக்கு அனுப்புங்கள். அவரிடம் ஏற்கெனவே இருக்கத்தான் வாய்ப்பு அதிகம். ஆனால் இதற்காக மெனக்கெட்டவரை அடுத்த சுற்றில் கூரைக்கடியில் உள்ள பரணுக்கும் ஏற்றிக் காட்டுவார்.